ஃபெரென்ஸ் புஷ்காஷ்: பயிற்சியாளராக அவரைக் குறைத்து மதிப்பிடுகிறோமா?

#1 பத்தாம் எண்

நண்பர்களே, ஆண்டின் அழகான கோலுக்கு ஃபிஃபா தரும் புஷ்காஷ் விருதை அறிவிக்கும்போதெல்லாம் அவருடைய கோல் கணக்குதான் பேச்சாகிறது. ஹங்கேரிக்கு 85 ஆட்டங்களில் 84 கோல், ரியல் மாட்ரிட்டுக்கு 262 ஆட்டங்களில் 242. 1960-ல் கிளாஸ்கோவில் ஐன்ட்ராக்ட் ஃபிராங்ஃபர்ட்டை 7-3 என்று வென்ற ஐரோப்பியக் கோப்பை இறுதியில் அவர் நான்கு, டி ஸ்டெஃபானோ மூன்று. இதெல்லாம் இங்கே எல்லோருக்கும் மனப்பாடம்.

நான் பேச நினைப்பது 1966-க்குப் பிறகான கால் நூற்றாண்டைப் பற்றி. ரியல் மாட்ரிட்டை விட்டதும் அவர் பயிற்சியாளர் ஆனார். எந்தெந்த ஊர் என்று பாருங்கள்: அலிகாண்டேயின் எர்குலெஸ், கனடாவின் வான்கூவர், ஸ்பெயினின் அலவேஸ், ஏதென்ஸின் பனாதினாய்கோஸ், முர்சியா, சிலியின் கோலோ கோலோ, சவூதி அரேபியா, மறுபடியும் ஏதென்ஸ் (இந்த முறை ஏ.இ.கே.), எகிப்தின் போர்ட் சயீத், பராகுவே, கடைசியாக மெல்போர்ன். இந்தப் பட்டியலை வைத்து "ஆட்டக்காரராக மேதை, பயிற்சியாளராக நாடோடி" என்று ஒரு வரியில் முடித்துவிடுகிறார்கள்.

எனக்கு அது நியாயமாகப் படவில்லை. 1956 ஹங்கேரி எழுச்சியைச் சோவியத் டாங்கிகள் நசுக்கியபோது அவருடைய ஹங்கேரி கிளப்பான ஹோன்வேட் அணி ஐரோப்பியக் கோப்பை ஆட்டத்துக்காக வெளிநாட்டில் இருந்தது. அத்லெடிக் பில்பாவோவுடன் சொந்த மண்ணில் ஆட வேண்டிய ஆட்டத்தைப் பிரஸ்ஸல்ஸில் ஆடினார்கள். புஷ்காஷ் திரும்பிப் போகவில்லை. அதற்காக ஃபிஃபா தடை வந்தது. ஊருக்கு முதல் தடவை திரும்பியதே 1981-ல்தான். தாய்நாட்டில் வேலை கேட்க முடியாத ஒரு மனிதர் ஒப்பந்தம் கிடைத்த இடத்துக்குப் போனார். போன இடங்களில் என்ன செய்தார் என்று பார்க்காமல் தீர்ப்பு எழுதக் கூடாது.

தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

#2 நடுக்கோடு

பத்தாம் எண், மரியாதையோடு மறுக்கிறேன். அவர் பெயர்தான் அவருக்கு வேலை வாங்கிக் கொடுத்தது. வான்கூவர் கதையையே எடுத்துக்கொள்வோம். அங்கே முதலில் ஒப்பந்தமானவர் பாபி ராப்சன். அப்போது இளைஞர், அதுதான் அவருடைய முதல் பெரிய பயிற்சியாளர் வேலை. நடுவில் அமெரிக்க லீக்குகள் இணைந்தன. சான் பிரான்சிஸ்கோ முதலாளிகள் வான்கூவர் கிளப்புக்குள் வந்தார்கள், தாங்கள் பேசிவைத்திருந்த புஷ்காஷைக் கூடவே கொண்டுவந்தார்கள். அவருக்குக் கீழே வேலை செய்ய ராப்சன் ஒப்பவில்லை. இங்கிலாந்துக்குத் திரும்பி ஃபுல்ஹமில் சேர்ந்தார். பின்னால் இப்ஸ்விச்சிலும் இங்கிலாந்து அணியிலும் ராப்சன் என்ன ஆனார் என்பது ஊரறிந்த விஷயம். வான்கூவர் அணி 1968-க்குப் பிறகு இல்லவே இல்லை.

இதில் புஷ்காஷின் தப்பு எதுவும் இல்லை, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் விளம்பரத்துக்காகப் பெரிய பெயரை வைத்துக்கொண்டார்கள் என்பதை மறுக்க முடியுமா?

#3 பத்தாம் எண்

//விளம்பரத்துக்காகப் பெரிய பெயரை வைத்துக்கொண்டார்கள்//

வான்கூவரில் அப்படித்தான். அது ஒரு வருடக் கதை. ஏதென்ஸில் என்ன சொல்வீர்கள்?

1970-ல் பனாதினாய்கோஸுக்குப் போகிறார். கிரேக்கத்தில் அன்று ராணுவ ஆட்சி. அந்த நாட்டு லீக் முழுமையாகத் தொழில்முறை ஆனதே 1979-ல். அதுவரை எந்தக் கிரேக்க கிளப்பும் ஐரோப்பாவில் பெரிதாக எதையும் சாதித்ததில்லை. அந்த அணியைத்தான் 1970-71 ஐரோப்பியக் கோப்பையில் இறுதிப் போட்டிவரை கொண்டுபோனார்.

வழியில் யாரெல்லாம் நின்றார்கள் தெரியுமா? முதலில் லக்ஸம்பர்க்கின் ழெனெஸ் எஷ், பிறகு ஸ்லோவான் பிராட்டிஸ்லாவா. காலிறுதியில் எவர்ட்டன், அந்த வருட இங்கிலாந்து சாம்பியன். குடிசன் பார்க்கில் 1-1, ஏதென்ஸில் 0-0. வெளியூர் கோல் விதியில் (மொத்தம் சமமானால் வெளியூரில் அதிக கோல் போட்ட அணிக்கு வெற்றி) எவர்ட்டன் வெளியே. அரையிறுதியில் பெல்கிரேடின் ரெட் ஸ்டார். முதல் ஆட்டத்தில் 4-1 என்று அடி வாங்கினார்கள். அதோடு கதை முடிந்தது என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். ஏதென்ஸில் 3-0. மொத்தம் 4-4, பெல்கிரேடில் போட்ட அந்த ஒரு கோல் காப்பாற்றியது. சென்டர் ஃபார்வர்டு அந்தோனிஸ் அந்தோனியாதிஸ் அந்தக் கோப்பையில் 10 கோல் போட்டார், தொடரிலேயே அதிகம். கேப்டன் மிமிஸ் டொமாஸோஸ் நடுக்களத்தை நடத்தினார்.

இறுதிப் போட்டி 1971 ஜூன் 2, வெம்ப்லி. 1953-ல் ஹங்கேரி ஆட்டக்காரராக 6-3 என்று இங்கிலாந்தை முறித்த அதே புல்லுக்குப் பதினேழரை வருடம் கழித்துப் பயிற்சியாளராகப் போய் உட்கார்ந்தார். எதிரே ரைனஸ் மிஷல்ஸின் அயாக்ஸ், க்ரைஃப் உட்பட. 2-0 தோல்வி. அந்த அயாக்ஸ் அதிலிருந்து தொடர்ந்து மூன்று வருடம் கோப்பையை யாருக்கும் விடவில்லை.

இன்றுவரை ஐரோப்பியக் கோப்பை இறுதியில் ஆடிய ஒரே கிரேக்க கிளப் அதுதான். பெயரை மட்டும் வைத்துக்கொண்டு 4-1-லிருந்து மீண்டுவர முடியாது ஐயா.

#4 இடதுவிளிம்பு

அந்தத் தொடரோட வால் ஒண்ணு இருக்கு, யாரும் சொல்லல. கண்டங்களுக்கிடையேயான கோப்பையில ஆட அயாக்ஸ் மறுத்துட்டாங்க. தோத்த அணிங்கிற முறையில பனாதினாய்கோஸ் போனாங்க. உருகுவேயோட நசியோனால் எதிரணி. பிரேயுஸ்ல 1-1, மோன்டெவிடேயோல 2-1 தோல்வி. தென்னமெரிக்க சாம்பியன்கிட்ட ஒரே ஒரு கோல்ல போச்சு! அன்னைக்கு எந்தக் கிரேக்க அணிக்கும் இது கனவு.

#5 நடுக்கோடு

எவர்ட்டன், ரெட் ஸ்டார் விவரம் அருமை, நன்றி. ஆனாலும் என் கேள்வி நிற்கிறது. ஹங்கேரிக்கு ஒரு பெரிய பயிற்சியாளர் மரபு இருக்கிறது. அர்பாட் வைஸ் 1929-30-ல் இன்டர் மிலானையும் (அன்று அம்ப்ரோசியானா), பிறகு இரண்டு முறை பொலோனியாவையும் இத்தாலிய சாம்பியன் ஆக்கினார். யூதர் என்பதால் இத்தாலியை விட்டு வெளியேற்றப்பட்டு ஆஷ்விட்ஸில் உயிரை விட்டார். பேலா குட்மன் பென்ஃபிகாவுக்கு 1961, 1962 என்று இரண்டு ஐரோப்பியக் கோப்பை கொடுத்தார். இரண்டாவது இறுதியில் அவர் தோற்கடித்தது ரியல் மாட்ரிட்டை. அந்த ஆட்டத்தில் புஷ்காஷ் மூன்று கோல் போட்டும் 5-3 என்று தோற்றார்கள்.

இவர்கள் யாரும் ஆட்டக்காரராகப் புஷ்காஷ் உயரத்துக்கு வராதவர்கள். அதனால்தான் ஆட்டத்தைப் பிரித்துப் பிரித்து யோசித்தார்கள் என்பது என் எண்ணம். எல்லாம் இயல்பாக வந்தவருக்கு, வராதவனிடம் எதை எப்படிச் சொல்வது என்று தெரியாது. புஷ்காஷ் குட்மன் வரிசையில் நிற்பவர் இல்லை. இதுதான் என் வாதம்.

#6 மெல்பேண் வாசி

வணக்கம் அண்ணைமார். நான் இருக்கிறது மெல்பேணில, சவுத் மெல்பேண் ஆட்டங்களுக்குப் போற ஆள். நடுக்கோடு அண்ணை சொன்ன கடைசி வரிக்குத்தான் பதில் எழுத வந்தனான்: வராதவனுக்கு எப்பிடிச் சொல்லிக் குடுக்கிறது?

1989-ல சவுத் மெல்பேண் ஹெல்லாஸ் அவரைக் கூட்டிவந்தது. கிரேக்கக் குடியேறிகள் கட்டின கழகம். அப்ப ஆட்டக்காரர் முழுநேர உதைபந்தாட்டக்காரர் இல்லை, பகலில வேலைக்குப் போட்டு பின்னேரம் பயிற்சிக்கு வாற பெடியள். மைதானம் மிடில் பார்க். அது இப்ப இல்லை, கார் பந்தயத்துக்காக 1994-ல இடிச்சுப்போட்டினம்.

புஷ்காஷுக்கு ஆங்கிலம் பெரிசா வராது. கிரேக்கம் வரும், ஏதென்ஸில இருந்த காலத்தில பிடிச்சது. அணித்தலைவர் இடது பின்கள ஆட்டக்காரர், ஏதென்ஸில பிறந்து சின்ன வயசில இஞ்ச வந்தவர், ஏன்ஜ் போஸ்டெகொக்லு. அவர்தான் புஷ்காஷை பழைய காரில ஏத்தி இறக்கினது, மொழிபெயர்த்தது எல்லாம். உலகத்தின்ர பெரிய ஆட்டக்காரர் ஒருவர் பக்கத்து இருக்கையில இருந்து உதைபந்து கதைக்கிறார், இருபத்துச் சொச்ச வயசுப் பெடியன் கேட்டுக்கொண்டு கார் ஓட்டுறான். போஸ்டெகொக்லு இதைப் பிறகு எத்தினையோ பேட்டியில சொல்லியிருக்கிறார்.

அவர் சொல்லுறதில முக்கியமானது ரெண்டு. ஒண்டு, புஷ்காஷ் தன்ர பெருமையைக் கதைக்க மாட்டார், ஆட்டக்காரரைச் சத்தம்போட்டு அதட்டவும் மாட்டார். மற்றது, முன்னுக்குப் போய் ஆடவேணும் எண்டதில பிடிவாதம். விங்கர் ரெண்டுபேரும் அகலமாயும் உயரமாயும் நிக்கவேணும், திரும்ப ஓடிவந்து பின்களத்துக்குக் காவல் இருக்கக்கூடாது. இடது பின்கள ஆட்டக்காரருக்கு இது எவ்வளவு கஷ்டம் எண்டு யோசிச்சுப் பாருங்கோ. முன்னுக்கு நிக்கிற விங்கர் உதவிக்கு வரமாட்டான், நீ தனிய நிண்டு சமாளி. அந்தக் கஷ்டத்தைப் பட்டவர்தான் பிறகு அதே ஆட்டத்தைத் தன்ர அணிகளுக்குப் படிப்பிச்சார்.

1990-91 தேசிய லீக் இறுதி ஆட்டம், ஒலிம்பிக் பார்க். எதிரணி மெல்பேண் குரோவேஷியா. ஆட்டம் முடியப்போற நேரத்தில ஜோ பலட்சைட்ஸ் சமன் செய்தார், 1-1. பெனால்டியில 5-4, சவுத் மெல்பேண் சம்பியன்.

#7 இடதுவிளிம்பு

மெல்பேண் வாசி, புல்லரிச்சுப்போச்சு. போஸ்டெகொக்லு பிறகு என்னென்ன ஜெயிச்சார்னு வரிசையா போடறேன், யாராச்சும் விட்டிருந்தா சேருங்க. சவுத் மெல்போர்னுக்கே பயிற்சியாளரா வந்து 1998, 1999 ரெண்டு லீக். பிரிஸ்பேன் ரோர். 2015 ஆசியக் கோப்பை, ஆஸ்திரேலியா. 2019 ஜப்பான் லீக், யோகோஹாமா எஃப். மரினோஸ். ஸ்காட்லாந்துல செல்டிக். 2025 மே மாசம் பில்பாவோல மான்செஸ்டர் யுனைடெட்டை 1-0 ஜெயிச்சு டாட்டனமுக்கு யூரோப்பா லீக்.

பில்பாவோ! 1956-ல ஹோன்வேட் முதல் ஆட்டம் ஆடின ஊர் அதே பில்பாவோதான்.

#8 நெய்வேலி டவுன்ஷிப்

இழையைக் கொஞ்சம் வேறு பக்கம் இழுக்கிறேன், மன்னிக்கவும். ஹங்கேரி ஆட்டக்காரர், பிறகு சின்ன கிளப் பயிற்சியாளர் என்றால் எனக்கு முதலில் நினைவு வருவது யெனோ புசான்ஸ்கி. நான் பழுப்பு நிலக்கரி ஊரில் வளர்ந்தவன். அவர் ஆடியதும் சுரங்க ஊருக்கு.

தங்க அணியின், அதாவது 1950-களின் ஹங்கேரி தேசிய அணியின், பதினொருவர் பெயரைச் சொல்லிப் பாருங்கள்: க்ரோஷிச், புசான்ஸ்கி, லாண்டோஷ், போசிக், லோராண்ட், சகாரியாஷ், புடாய், கோச்சிஷ், ஹிதெக்குட்டி, புஷ்காஷ், ட்சிபோர். இதில் பத்துப் பேர் இரண்டே கிளப். ஒன்று ராணுவத்தின் ஹோன்வேட், மற்றது எம்.டி.கே., அன்று அது ரகசியப் போலீஸின் கையில். தேசிய அணியைச் சேர்ந்து பழக வைக்க வேண்டும் என்று குஸ்டாவ் ஷெபெஷ் போட்ட திட்டம் அது. பதினோராவது ஆள், வலது பின்கள ஆட்டக்காரர், புடாபெஸ்ட்டுக்கு வடமேற்கே இருக்கும் டோரோக் என்ற சின்னச் சுரங்க ஊர் கிளப்பில் இருந்தார். 1947-ல் போய்ச் சேர்ந்து, 1960-ல் ஓய்வு பெறும்வரை அங்கேயேதான் ஆடினார். நாட்டுக்காக 49 ஆட்டம், ஹெல்சிங்கி ஒலிம்பிக் தங்கம், வெம்ப்லி 6-3, 1954 உலகக் கோப்பையின் பெர்ன் இறுதித் தோல்வி எல்லாவற்றிலும் உண்டு. லீக் ஆட்டம் என்றால் மறுபடி டோரோக்.

1952-ல் அந்தச் சுரங்கக் கிளப் ஹங்கேரியக் கோப்பை இறுதிவரை போனது. அங்கே எதிரணி யார் என்றால் எம்.டி.கே.தான் (பாஸ்த்யா என்ற பெயரில் ஆடினார்கள்). 3-2 தோல்வி.

ஓய்வுக்குப் பிறகு டோரோக்கிலேயே பயிற்சியாளர், பின்னர் பக்கத்து ஊரான எஸ்டெர்கோமில். ஏதென்ஸ் இல்லை, வான்கூவர் இல்லை. 2014 ஜூனில் கோல்கீப்பர் க்ரோஷிச் போனபிறகு தங்க அணியில் மிச்சம் இருந்தவர் இவர் ஒருவர்தான். 2015 ஜனவரி 11-ல் எஸ்டெர்கோமில் காலமானார். டோரோக் மைதானத்துக்கு இன்று அவர் பெயர்.

நான் சொல்ல வருவது: புஷ்காஷைப் பேசும்போது இவரையும் பக்கத்தில் வையுங்கள். ஒரே பின்னணி, ஒரே அணி. ஒருவர் கண்டம் விட்டுக் கண்டம் போனார், இன்னொருவர் வாழ்நாள் முழுக்க இரண்டு ஊருக்குள் பயிற்சி கொடுத்தார். எனக்கு புசான்ஸ்கியின் வேலைமீதுதான் மதிப்பு அதிகம். தன் ஊர்ப் பிள்ளைகளுக்கு வருடக்கணக்கில் சொல்லிக்கொடுப்பதும் பயிற்சிதான், அதை யாரும் கணக்கில் எழுதுவதில்லை.

#9 பத்தாம் எண்

நெய்வேலி நண்பரே, நீங்கள் இழையை இழுத்தது நல்லதுதான். ஆனால் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். புசான்ஸ்கிக்கு ஊரில் இருக்க முடிந்தது. புஷ்காஷுக்கு அந்த வாய்ப்பு 1956-ல் போய்விட்டது. புடாபெஸ்ட்டின் கிஷ்பெஷ்ட் பகுதி அவருடைய மண். அப்பாவும் அங்கே ஆடியவர், பயிற்சியாளராக இருந்தவர். போசிக் சின்ன வயதிலிருந்தே பக்கத்து வீட்டு நண்பர். அங்கே இருந்திருந்தால் அவரும் கிஷ்பெஷ்ட் பையன்களுக்குச் சொல்லிக்கொடுத்திருப்பார் என்று நான் முழுமனதாக நம்புகிறேன். இரண்டு பேரையும் தராசில் வைப்பது கஷ்டம்.

#10 நெய்வேலி டவுன்ஷிப்

அது சரி. தராசில் வைக்கச் சொல்லவில்லை, மறக்க வேண்டாம் என்றுதான் சொன்னேன்.

#11 நடுக்கோடு

மெல்பேண் வாசி எழுதியதை இரண்டு முறை படித்தேன். போஸ்டெகொக்லு விஷயம் கனமானது. ஆனாலும் ஒரு லீக், ஒரு கேப்டன். அதை வைத்து 25 வருடத்தை எடை போட முடியுமா? அதே தங்க அணியின் ஹிதெக்குட்டியைப் பாருங்கள். ஃபியோரெண்டினாவுக்கு முதல் கப் வின்னர்ஸ் கோப்பை, 1961, ரேஞ்சர்ஸை வென்று. ஹங்கேரியில் கியோர் அணிக்கு லீக் பட்டம். அதே கியோர் 1964-65-ல் ஐரோப்பியக் கோப்பை அரையிறுதியில் ஆடியது. 1973 முதல் 1980 வரை கெய்ரோவின் அல் அஹ்லி, ஐந்து லீக். வெம்ப்லியில் மூன்று கோல் போட்ட மனிதர் பயிற்சியாளராகவும் இவ்வளவு செய்திருக்கிறார். மேதைகளால் சொல்லித்தர முடியாது என்று நான் எழுதியதற்கு எதிராகவே இது நிற்கிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஆனால் பயிற்சியாளர் புஷ்காஷைவிட பயிற்சியாளர் ஹிதெக்குட்டி பெரியவர் என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை.

#12 பத்தாம் எண்

அதில் எனக்கும் சண்டை இல்லை. ஹிதெக்குட்டி பெரியவர்தான்.

ஆனால் எகிப்தை எடுத்தீர்களே, அங்கேயே நிற்கிறேன். 1979-ல் புஷ்காஷ் போர்ட் சயீத்தின் அல் மஸ்ரிக்கு வந்தார். 1979-80 சீசனில் அல் அஹ்லி பெஞ்சில் ஹிதெக்குட்டி, அல் மஸ்ரி பெஞ்சில் புஷ்காஷ். 1953-ல் வெம்ப்லியில் ஐந்து கோலைப் பங்கிட்டுக்கொண்ட இரண்டு பேர் எகிப்து லீக்கில் எதிரெதிரே! ஒருவர் கையில் நாட்டின் மிகப் பெரிய கிளப். மற்றவர் கையில் சூயஸ் கால்வாய்க் கரைத் துறைமுக ஊரின் கிளப். போர்களில் அடிபட்டு, ஜனங்களே ஊரைக் காலிசெய்து வெளியேறித் திரும்பிவந்த ஊர் அது. பட்டங்களை எண்ணும்போது யாருக்கு எந்த அணி கிடைத்தது என்பதையும் சேர்த்து எண்ணுங்கள் என்கிறேன், அவ்வளவுதான். இடைவெளி விட்டாலும் மறுபடி அங்கேயே வந்து 1984 வரை வேலை பார்த்தார். அந்த ஊர் அவரைத் திரும்பக் கூப்பிட்டதே ஒரு சான்று.

//ஒரு லீக், ஒரு கேப்டன்//

கிரேக்க லீக்கை விட்டுவிட்டீர்களே. 1972-ல் பனாதினாய்கோஸ் சாம்பியன், பயிற்சியாளர் இவர்தான்.

#13 மெல்பேண் வாசி

நடுக்கோடு அண்ணை, 1991 பட்டத்தில அவரின்ர பங்கு எவ்வளவு, அணியின்ர பங்கு எவ்வளவு எண்டு ஆராலும் பிரிச்சுச் சொல்லேலாது. நல்ல அணிதான் அது, அவர் வரமுந்தியே பலமான கழகம். ஆனா 1990-ல கிண்ணமும் எடுத்தது, அடுத்த வருசம் லீக்கும் எடுத்தது, இரண்டுக்கும் அவர்தான் பயிற்றுநர்.

இன்னொண்டு. இஞ்ச அவருக்குச் சிலை இருக்கு, கோஷ்ஸ் படோக்கில, 2017-ல திறந்தது. மெல்பேணில அவர் இருந்தது மூண்டு வருசந்தான். கழகத்துப் பெரியவையைக் கேட்டால் கோல் கணக்குச் சொல்ல மாட்டினம். பயிற்சி முடிஞ்சாப்பிறகும் நிண்டு, அறுபது வயசு தாண்டின உடம்போட, அந்த இடது காலால பந்தை அடிச்சுக் காட்டினதைத்தான் சொல்லுவினம்.

#14 இடதுவிளிம்பு

ஒரு சந்தேகம். ஹங்கேரி தேசிய அணிக்கு அவர் பயிற்சியாளரா இருந்தாரா இல்லையா? ரெண்டு விதமாவும் படிச்சிருக்கேன்.

#15 பத்தாம் எண்

இருந்தார். 1993-ல், இடைக்காலப் பொறுப்பு, நான்கே ஆட்டம். அதில் ஒன்று டப்ளினில் அயர்லாந்துடன், 4-2 என்று ஜெயித்தார்கள். அரசு மாறி, ஊர் திரும்பி, அறுபத்தாறு வயதில் அந்த பெஞ்சில் உட்கார்ந்தார். அதன்பிறகு பயிற்சியாளர் வேலை எதுவும் இல்லை. 2000-ல் அல்சைமர் என்று தெரிந்தது, 2006 நவம்பர் 17-ல் இறந்தார்.

#16 நடுக்கோடு

பத்தாம் எண், கடைசியாக என் நிலையைச் சொல்லிவிடுகிறேன். 1971 ஏதென்ஸ் அணியை நான் இதுவரை அதிர்ஷ்டக் கணக்கில் வைத்திருந்தேன். அரையிறுதி விவரம் பார்த்தபிறகு அப்படி வைக்க மாட்டேன். ஆனால் ஸ்பெயின், கனடா, சிலி, பராகுவே எல்லாம் சேர்த்து அவர் எதையும் கட்டி எழுப்பவில்லை என்ற என் கருத்து மாறவில்லை. கோலோ கோலோவில் 1975-76-ல் அவர் வேலை எப்படி இருந்தது என்று விவரமாகத் தெரிந்தவர்கள் யாராவது வந்தால் அங்கிருந்து தொடரலாம். ஸ்பானிஷ் படிக்கத் தெரிந்தவர்கள் இருந்தால் சிலி செய்தித்தாள்களைத் தேடிப் பாருங்கள்.

#17 இடதுவிளிம்பு

ஸ்பானிஷ் தெரிஞ்ச ஃப்ரெண்ட் ஒருத்தர் இருக்கார், கேட்டுப் பார்க்கறேன். நெய்வேலி அண்ணே, நீங்க புசான்ஸ்கிக்குத் தனி இழை தொடங்குங்க. டோரோக் கிளப் பத்தி இன்னும் தெரிஞ்சுக்கணும்.